கைதட்டும் இடம்

என் பக்கத்து வீட்டுக்காரியை நான் முறைப்படி கூப்பிட்டால் எங்கள் வீட்டில் யாரும் என்னை மன்னிக்க மாட்டார்கள். அவர் வியட்நாம்காரி. என்னைவிடப் பதினான்கு வயது மூத்தவர். அவர்களுடைய மொழியில் மூத்த பெண்ணை அழைக்கிற சொல் நம் காதுக்கு அப்படியே "ச்சீ" என்றுதான் விழும். தள்ளி நிற்பவரைக் கூப்பிடும்போது பின்னால் ஒரு "ஓய்" சேர்க்க வேண்டும். ஆக, மரியாதையாக அழைப்பதென்றால் "ச்சீ ஓய்!" என்று வேலிக்கு மேலால் கத்த வேண்டும்.

பழகிய புதிதில் ஒருநாள் கத்தியும் பார்த்தேன். உள்ளே ரீவி பார்த்துக்கொண்டிருந்த என் கணவர் பதறிக்கொண்டு ஓடி வந்தார்.

"என்னப்பா, அந்த மனுசியோட என்ன சண்டை?"

"சண்டையில்லை. மரியாதையாக் கூப்பிடுறன்."

"இதுவோ மரியாதை?"

அன்றோடு விட்டுவிட்டேன். அக்கா என்று கூப்பிடலாமா என்று பக்கத்து வீட்டுக்காரியிடமே கேட்டேன். இரண்டு மூன்று தரம் சொல்லிப் பார்த்துவிட்டு, நாக்குக்குச் சுகமாக இருக்கிறது என்றார். என்னை அவர் "எம்" என்பார். தங்கைக்கும் தம்பிக்கும் அவர்களிடம் அதுதான் சொல். இந்த முறையெல்லாம் தீர்மானிக்குமுன் அவர் கேட்ட முதல் கேள்வி, நீ எந்த வருஷம் பிறந்தாய் என்பது. வயது தெரியாமல் அவர்களுக்கு வாயே திறக்க வராதாம். எங்கள் ஆட்கள் முதலில் ஊரைக் கேட்பார்கள், பிறகு ஊரில் எந்தப் பக்கம் என்று கேட்பார்கள், ஏன் கேட்கிறார்கள் என்று நமக்கும் தெரியும். அதைவிட வயதைக் கேட்பது எவ்வளவோ மேல் என்று எனக்குப் பட்டது.

நாங்கள் இருவரும் பேசிக்கொள்வது ஆங்கிலம். அவருடையது அவர் பாணி, என்னுடையது என் பாணி. ஆனால் இங்கே அவர் யாழ்ப்பாணத் தமிழ்தான் பேசப்போகிறார். நினைத்துப் பார்க்கும்போது எனக்கு அவர் குரல் அப்படித்தான் கேட்கிறது.

லண்டனின் வடக்கே, எட்மண்டனில் எங்கள் இரண்டு வீட்டுக்கும் நடுவே இருந்த பலகை வேலி ஒரு புயல் காற்றில் சாய்ந்து, அவருடைய கீரைப் பாத்தியில் விழுந்தது. அப்படித்தான் எங்கள் அறிமுகம். யாழ்ப்பாணத்தில் ஒரு வேலிக் கதியாலை அரை அடி தள்ளி நட்டதற்காக இரண்டு தலைமுறை பேசாமல் இருந்த குடும்பங்களை நான் அறிவேன். அந்த இரத்தம் என்னிலும் ஓடுகிறது. ஆகவே இடுப்பில் கையை வைத்துக்கொண்டு, சண்டைக்குத் தயாராகத்தான் பின்வளவுக்குப் போனேன். அவர் ஒரு தட்டில் தோடம்பழம் உரித்து வைத்துக்கொண்டு நின்றார்.

"விடு, இப்ப நல்ல வெளிச்சம் வருது" என்றார்.

சண்டை பிடிக்க வந்தவளுக்குத் தோடம்பழச் சுளையைக் கொடுத்தால் அவள் என்னதான் செய்வாள்? புது வேலி போட மூன்று மாதம் ஆனது. அதற்குள் ஒருவர் குசினியில் ஒருவர் போய் உட்காரப் பழகிவிட்டோம். வேலி போட வந்தவரிடம் நடுவில் போய்வர ஒரு படலையும் வைக்கச் சொன்னோம். இங்கே யாரும் அப்படிக் கேட்பதில்லை என்று அவர் தலையைச் சொறிந்துகொண்டே வைத்தார்.

வேலி இல்லாத அந்த மாதங்களில்தான் அக்கா பாடுவதைக் கேட்டேன். நான் ஒரு பள்ளிக்கூடச் சமையலறையில் வேலை செய்கிறேன். ஷிப்ட் முடிந்து மூன்று மணிக்கு வந்து தேத்தண்ணீர்க் கோப்பையோடு பின்வாசலில் குந்தினால், அங்கிருந்து குரல் வரும். முதலில் யாரோ அழுகிறார்கள் என்று நினைத்தேன். பிறகு அழுகைக்கு இவ்வளவு ஒழுங்கு இருக்காது என்று தோன்றியது. ஒரு சுரத்தில் நின்று, அதை அசைத்து, பாதி கீழே இறக்கி, திரும்ப மேலே தொட்டு... ஊரில் வர்ணம் வரைக்கும் பாட்டுப் படித்துவிட்டுப் பாதியில் விட்டவள் நான். கமகம் என்றால் என்ன என்று எனக்குத் தெரியும். பக்கத்து வளவில் வியட்நாமில் இருந்து வந்த கமகம் கேட்டது.

அந்தப் பாட்டு வகைக்கு வொங் கோ என்று பெயர். தென் வியட்நாமின் ஆற்றோரத்து ஊர்களில் வளர்ந்தது. பெயரின் பொருளே பழையதை எண்ணி ஏங்குவது என்று அக்கா சொன்னதும் எனக்கு அரைவாசி ஆர்வம் போய்விட்டது. ஏனென்றால் ஊர் ஊர் என்று உருகுகிறவர்களைக் கண்டாலே எனக்குப் பத்திக்கொண்டு வரும். என் கணவரின் சிநேகிதர்கள் ஞாயிறு மத்தியானங்களில் ஆட்டுக்கறியும் போத்தலுமாக எங்கள் வீட்டில் கூடி, கிணற்றுத் தண்ணீரின் ருசியைப் பற்றிக் கண் கலங்குவார்கள். அதே ஆட்கள் ஊருக்குப் போனால் இரண்டாம் நாளே நுளம்பு கடிக்கிறது என்று முறையிட்டு, ஏசி உள்ள ஹோட்டலுக்கு ஓடிவிடுவார்கள். அந்தக் கிணற்றில் தண்ணீர் அள்ளிய பெண்களை யாராவது கேட்டால் ருசியைப் பற்றிச் சொல்ல மாட்டார்கள், தோள் நோவைப் பற்றிச் சொல்வார்கள்.

அக்காவின் பாட்டிலும் இதே சாமான்கள்தான். மூங்கில் பாலம், துடுப்பு வள்ளம், ஓலைக் குடிசை, நெல் மணக்கும் காற்று, கரையில் காத்திருக்கும் தாய். வரி வரியாக அர்த்தம் சொன்னார். நான் கொட்டாவியை அடக்கிக்கொண்டு, "உங்கட ஊர்ப் பாட்டோ?" என்று கேட்டேன்.

"எனக்கு ஏது ஊர்? நான் சைகோன். மூண்டாம் மாடியில பிறந்தனான். அப்பா மோட்டார் சைக்கிள் திருத்துறவர்."

"அப்ப இந்த மூங்கில் பாலம்?"

"ஒருக்கா ஏறினனான். பன்ரெண்டு வயசில, மாமா வீட்டை போகேக்க. நடுவில வழுக்கி விழுந்திட்டன். புதுச் சட்டை வேற. அதுக்குப் பிறகு அந்தப் பக்கமே போகேல்லை."

"பிறகேன் இப்பிடி அழுது அழுது பாடுறியள்?"

"நான் எங்க அழுறன்? பாட்டு அழுகுது. நான் நல்லாப் பாடுறன்."

அந்த ஒரு பதிலில் எனக்கு அவரைப் பிடித்துப்போனது.

அவருக்குக் கிட்டார் வாசிக்கிறவர் எழுபது தாண்டிய ஒரு மனிதர், ஹக்னியிலிருந்து வருவார். அந்தக் கிட்டாரைக் கட்டாயம் சொல்ல வேண்டும். கழுத்துப் பலகையில் கம்பிக் கட்டைகளுக்கு நடுவே மரத்தைக் குழியாகச் சுரண்டி எடுத்திருப்பார்கள். விரலை ஆழமாக அமத்தினால் சுரம் வளைந்து கொடுக்கும். நம்முடைய வீணையில் கேட்கிற வளைவு கிட்டாரில் வரும். இவர் மட்டுந்தான் அந்தப் பாட்டுக்காரர் கூட்டத்தில் உண்மையாகவே வயலில் வளர்ந்தவர். எருமை வருகிற பாட்டு மாத்திரம் வாசிக்க மாட்டாராம். சின்ன வயதில் எருமை மிதித்ததில் பெருவிரல் இன்றைக்கும் கோணல். சப்பாத்தைக் கழற்றிக் காட்டினார். எருமையைப் பற்றி இனிமையாக எழுதியவன் ஒரு நாளும் எருமைக்குப் பின்னால் போயிருக்க மாட்டான் என்றார். எனக்கு அவரையும் பிடித்துப்போனது.

அவர்களுடைய மொழியில் ஊருக்கு "க்வே" என்று சொல். பிறந்த இடம், நாட்டுப்புறம் எல்லாம் அதுதான். அதே சொல்லுக்கு அசிங்கப்பட்டுப்போவது, நாகரிகம் தெரியாதது என்றும் அர்த்தம் உண்டு. கிழக்கு லண்டனில் பார்க்கிங் என்கிற இடத்தில் பல் டொக்டராக இருக்கும் அக்காவின் மகள், தாயின் பாட்டைப் பற்றி அந்தச் சொல்லைத்தான் சொல்லுவாள். எந்த அர்த்தத்தில் சொல்கிறாள் என்று அவளுக்கே சில நேரம் தெரியாது.

கதைக்கு வருகிறேன். வொங் கோவில் ஒரு இடம் இருக்கிறது. தொடக்கத்தில் தாளம் கிடையாது. நம் விருத்தம் மாதிரி. பாடுகிறவர் நிதானமாகத் தொடங்கி, வரவரச் சொற்களை அடுக்கிக்கொண்டு ஏறி, ஒரே மூச்சில் இழுத்து, கடைசிச் சொல்லில் உச்சியில் நின்று அசைவார். சபை மூச்சு விடாமல் இருக்கும். பிறகு குரல் அடிச் சுரத்துக்கு வந்து இறங்கும். அந்தக் கணத்தில்தான் கிட்டாரும் தாளமும் வந்து சேரும். அந்தக் கணத்தில்தான் சபை கைதட்டும். பாட்டு முடிந்த பிறகல்ல, தொடங்கும்போதே. நடுவில் மூச்செடுத்தால் கதை முடிந்தது. தெரிந்தவர்கள் மரியாதைக்குக் கூடத் தட்ட மாட்டார்கள்.

போன மாரிக் குளிரில் அக்காவுக்கு நிமோனியா வந்தது. மூன்று கிழமை, இருபத்தொரு நாளும், ஆஸ்பத்திரி. இடது நுரையீரலில் ஒரு பகுதி பழையபடி வராது என்று சொல்லி அனுப்பினார்கள். வெயில் காலம் வந்தபோது நடக்கவும் கீரை நடவும் தொடங்கிவிட்டார். பாட்டு மட்டும் வரவில்லை. மூன்று மணிக்குக் காது கொடுத்துப் பார்ப்பேன். தொடங்குவார், ஏறுவார், உச்சிக்குப் போகுமுன் இருமல் வந்துவிடும். பிறகு தண்ணீர்க் குழாயின் சத்தம்.

ஒவ்வொரு வருஷமும் தை மாசிப் பக்கத்தில் வருகிற அவர்களுடைய வருஷப்பிறப்புக்கு ஹக்னியில் ஒரு மண்டபத்தில் மத்தியானச் சாப்பாடு நடக்கும். அதில் அக்காவின் பாட்டு வழமை. இந்த முறை ஒழுங்குகளை எல்லாம் மகள் பார்த்தாள். அவள் கெட்ட பிள்ளையல்ல. ஆஸ்பத்திரியில் மூன்று கிழமையும் கதிரையிலேயே நித்திரை கொண்டவள். அவளிடம் தாயின் பழைய ஒலிப்பதிவு ஒன்று இருந்தது, நல்ல குரல் இருந்த காலத்தில் எடுத்தது. அதைப் போடலாம், அம்மா மைக்குக்கு முன்னால் நின்று வாயை அசைத்தால் போதும் என்றாள்.

அன்று அக்கா படலையைத் திறந்த வேகத்தில் பிணைச்சல் கழன்றது.

"என்ர பாட்டுக்கு நான் பொம்மையோ?"

"அவள் பயத்தில சொல்லுறாள் அக்கா."

"இந்த முறை அப்பிடி நிண்டன் எண்டா, பிறகு எப்பவும் அப்பிடித்தான். பிறகு நான் பாடுற ஆள் இல்லை, பாடின ஆள்."

அவர் சொன்னது சரி என்று எனக்குத் தெரிந்தது. ஆனால் அந்த இருமலையும் நான் கேட்டிருந்தேன்.

தாயும் மகளும் இரண்டு நாள் வாக்குவாதப்பட்டு ஒரு ஒப்பந்தத்துக்கு வந்தார்கள். அக்கா தன் குரலில் பாடலாம். ஆனால் மகள் லாப்டொப்பை மடியில் வைத்துக்கொண்டு முன்வரிசையில் இருப்பாள். மூச்சு அறுந்தால் உடனே பழைய பதிவைப் போட்டுவிடுவாள். சபைக்கு முன்னால் தாய் இருமிக்கொண்டு நிற்பதை அவளால் பார்க்க ஏலாதாம்.

அதற்குப் பிறகுதான் நான் மாட்டினேன். அக்காவுக்கு இன்னொரு கவலையும் இருந்தது. எங்கே கைதட்ட வேண்டும் என்று தெரிந்த ஆட்கள் மண்டபத்தில் குறைந்துகொண்டு வந்தார்கள். இளசுகள் இங்கிலீஷ் பாட்டுக்குத் தட்டுவதுபோலக் கடைசியில்தான் தட்டுவார்கள். முந்திய வருஷம் அவர் இறங்கின இடத்தில் நாலு பேர்தான் தட்டினார்களாம்.

"கீழ வந்து சேந்திட்டனோ எண்டு எனக்கே சந்தேகமாப் போச்சு" என்றார். "நீ முன்னுக்கு இரு. சரியான இடத்தில பலமாத் தட்டு. மற்றச் சனம் உன்னைப் பாத்துத் தட்டும்."

"நானோ? எனக்கு என்ன தெரியும்?"

"உனக்குத் தாளம் தெரியும் எண்டு நீதானே பெருமையடிச்சனி. கையும் பெரிசு."

கை பெரிசுதான். வருஷக்கணக்காகப் பள்ளிக்கூடத்துச் சட்டி தூக்கின கை. வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டேன் என்று விளங்கியது.

ஐந்து கிழமை பயிற்சி. மூன்றரை மணிக்கு அவர் குசினியில், கிட்டார்க்காரர் வரமுடிந்த நாளில் அவரோடு, இல்லாத நாளில் போனில் பதிவு செய்த கிட்டாரோடு. முதல் நாள் நான் என் வழக்கப்படி தொடையில் ஆதி தாளம் போட்டேன். தட்டு, சுண்டுவிரல், மோதிரவிரல், நடுவிரல், தட்டு, வீச்சு, தட்டு, வீச்சு. அக்கா பாட்டை நிறுத்திவிட்டு என் விரல்களைப் பார்த்தார்.

"என்ன எண்ணுறாய்? கடைச் சாமானோ?"

"தாளம் அக்கா. எட்டு."

"எங்களுக்கு முப்பத்திரண்டு."

முப்பத்திரண்டு என்றால் நாலு ஆதி தாளம். ஒரு முழு வரிக்கு நாலு சுற்றுப் போட்டுப் பார்த்தேன். நாலாவது சுற்றின் கடைசி வீச்சில் கிட்டார்க்காரரின் விரலும் வந்து நின்றது. அவர் மூக்குக்கண்ணாடிக்கு மேலால் என்னைப் பார்த்தார். இரண்டாம் தரமும் சரியாக வந்தது. அந்தப் பின்னேரம் எனக்குத் தலைகால் தெரியவில்லை. வீட்டுக்கு வந்து கணவரை இருத்தி வைத்து விளக்கினேன். அவருக்கு விளங்கவில்லை, ஆனால் தலையாட்டினார்.

பிரச்சினை என்னவென்றால், நான் கைதட்ட வேண்டிய இடத்தில் தாளமே கிடையாது. தாளம் அங்கேதான் பிறக்கிறது. அதுவரை எண்ண ஒன்றுமில்லை. எல்லாம் பாடுகிறவரின் மூச்சும் மனமும்தான். நான் கற்ற வித்தை தேவைப்பட்ட ஒரே இடத்தில் கையை விரித்துவிட்டது. ஆகவே வேறு வழியில்லாமல் ஆளைப் பார்க்கப் பழகினேன். ஏறும்போது அக்காவின் இடது கை மேசை விளிம்பைத் தடவும். உச்சியில் நிற்கும்போது முகம் நிமிர்ந்து நாடி சற்று மேலே போகும். இறங்கப்போகும்போது கண் மூடும். இருமல் வரப்போகிறதென்றால் வலது தோள் ஒரு சின்னத் துள்ளல் துள்ளும். அந்தத் தோளைத்தான் நான் மற்ற எல்லாவற்றையும்விட நன்றாகப் படித்தேன்.

முதல் கிழமை அக்காவுக்கு அந்த இறக்கம் ஒரு தரமும் வரவில்லை. இரண்டாம் கிழமை ஒரு தரம் வந்தது. மூவரும் தேத்தண்ணீரை மறந்துவிட்டு ஒருவரை ஒருவர் பார்த்தோம். நான் தட்டவும் மறந்துபோனேன். அதற்கு ஒரு ஏச்சு. கடைசிக் கிழமையில் மூன்றுக்கு ஒன்று வரும் என்ற நிலை. மூன்றுக்கு ஒன்று என்பது குசினிக்குப் போதும். மண்டபத்தில் ஒரு தரம்தான். என் பயத்தை அக்காவிடம் காட்டவில்லை, அல்லது காட்டவில்லை என்று நினைத்துக்கொண்டேன்.

அன்று காலை நான் சேலை கட்டினேன். கணவர் சாப்பாட்டுக்கு வருவதாகச் சொல்லியிருந்தார். வாழையிலையில் பொதிந்து அவித்த ஒட்டரிசிக் கட்டியைப் போன வருஷம் ருசி பார்த்ததிலிருந்து அவருக்கு வியட்நாம்மேல் தனிப் பக்தி. மண்டபம் நிறைந்த சனம். சிவப்பும் மஞ்சளுமாகத் தோரணம், இளசுகள் ஒரு பக்கம் போனோடு, கிழடுகள் ஒரு பக்கம் சூரியகாந்தி விதையோடு. முன்வரிசையில் என் வலது பக்கம் மகள், மடியில் லாப்டொப். விரலைத் தயாராக ஒரு விசையில் வைத்திருந்தாள்.

"அன்ரி, பயமாக் கிடக்கு" என்றாள் என்னிடம்.

"எனக்குந்தான்" என்றேன்.

அக்கா ஊதா நிற நீள உடுப்பில் வந்து நின்றார். அழகாக இருந்தார். குனிந்து கிட்டார்க்காரரிடம் ஏதோ சொன்னார், அவர் சிரித்தார். பிறகு தொடங்கினார்.

தொடக்கத்திலேயே எனக்குத் தெரிந்தது, குசினியில் பாடியது போலில்லை. இன்னும் மெதுவாக, இன்னும் இழுத்து. சொற்களை அடுக்கினார். ஏறினார். பின்னாலிருந்த சூரியகாந்தி விதைச் சத்தம் நின்றது. உச்சிக்கு வந்தார். நாடி மேலே போனது. குரல் நின்றது, அசைந்தது, மெலிந்தது, நூல் மாதிரி ஆகியது. கண் மூடவில்லை. இன்னும் மூடவில்லை. அப்போது அவருடைய வலது தோள் துள்ளியது.

நான் கைதட்டிவிட்டேன்.

ஏன் தட்டினேன் என்று கேட்டால் நேர்மையான பதில், பயத்தில். இருமல் வரப்போகிறது, அதைச் சத்தத்தில் மூடிவிடலாம் என்று கை தானாகப் போனது. என் கை பெரிசு என்று சொன்னேன் அல்லவா. மண்டபத்தில் வெடி மாதிரிக் கேட்டது. இளசுகள் என்னைப் பார்த்துத் தட்டினார்கள். அரை மண்டபம் தட்டியது. பழசுகள் திகைத்துப்போய் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். எனக்கு மண் பிளந்து உள்ளே போனாலும் பரவாயில்லை என்றிருந்தது.

மகள், தாயின் மூச்சு அறுந்துவிட்டது என்றே முடிவு கட்டினாள். வேறு எதற்காக நான் தட்டுவேன்? அவள் விரல் அமத்தப் போனது. அந்த நேரத்தில்தான், கைதட்டலுக்கு அடியில், அது கேட்டது. குரல் இன்னும் இருந்தது. மெலிந்த நூல் அப்படியே, அசையாமல். இருமலும் இல்லை, ஒன்றும் இல்லை. நான் இரண்டு கையாலும் மகளின் கையைப் பிடித்தேன்.

"இல்லை! கேள், கேள்!"

கைதட்டல் கொஞ்சம் கொஞ்சமாக அடங்கியது. அடங்க அடங்க அந்தச் சுரம் மேலே வந்தது. மேடையில் அக்கா என்னை நேராகப் பார்த்துக்கொண்டு நின்றார். கிட்டார்க்காரர் கையைக் கம்பிக்கு மேலே அந்தரத்தில் வைத்துக்கொண்டு காத்திருந்தார், அவர் வாயெல்லாம் பல். மண்டபம் முழுக்க அமைதியான பிறகும் அக்கா விடவில்லை. வேண்டுமென்றே விடவில்லை. எவ்வளவு நேரம் என்று எனக்குத் தெரியாது, எண்ண அங்கே தாளம் இல்லை. பிறகு கண்ணை மூடினார். இறங்கினார். கிட்டார் வந்து சேர்ந்தது.

அந்த மண்டபம் தட்டிய தட்டு! கிழடுகள் கதிரையை விட்டு எழும்பிவிட்டார்கள். என்ன நடந்தது என்று இப்போது இளசுகளுக்கும் தெரிந்திருந்தது. ஒருவன் விசில் அடித்தான். என் கணவர் வாயில் சாப்பாட்டோடு எழும்பி நின்று தட்டினார். தட்டாதவர்கள் நாங்கள் இருவருந்தான். என் இரண்டு கையிலும் மகளின் கை இருந்தது. அவள் அழுதுகொண்டிருந்தாள், லாப்டொப் கீழே சரிந்து கிடந்தது.

மகளுக்கு மண்டபத்தைக் கூட்டி ஒதுக்கும் வேலை இருந்தது. என் கணவர், கட்டித்தந்த ஒட்டரிசிப் பொதிகளோடு யாருடனோ காரில் போய்விட்டார். அக்காவும் நானும் எட்மண்டனுக்கு 149 பஸ்ஸில் ஏறினோம். சனம் குறைவு. அவர் ஜன்னல் பக்கம் உட்கார்ந்தார். டால்ஸ்டன் வந்ததும் கேட்டார்:

"ஏன் தட்டினனி?"

"மூச்சு முடியப்போகுது எண்டு நினைச்சன். தோள் துள்ளினது."

"மைக் வயர் காலில தட்டினது."

அவர் இப்போது என் பக்கம் திரும்பினார்.

"டொக்டர் அப்பிடி நினைச்சார். மகள் நினைச்சாள். ஐஞ்சு கிழமை என்ர குசினியில இருந்து என்னைக் கேட்டுக்கொண்டிருந்தனி. நீயும் என்னை முடிஞ்சுதெண்டு நினைச்சிட்டாய், என்ன?"

இல்லையென்று சொன்னால் பொய். ஐந்து கிழமையும் நான் கைதட்டப் பழகவே இல்லை. அவர் விழுந்தால் தாங்கிப்பிடிக்கத்தான் பழகியிருந்தேன். அவருடைய மூச்சைப் பார்க்கிறேன் என்று நினைத்துக்கொண்டு, அவருடைய நோயையே பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

"ஓம் அக்கா" என்றேன். "நினைச்சிட்டன். மன்னிச்சுக்கொள்ளுங்கோ."

அவர் ஜன்னலைப் பார்த்தார். ஸ்டோக் நியூவிங்டனில் இரண்டு பேர் ஏறினார்கள். திடீரென்று அவருடைய தோள் குலுங்கத் தொடங்கியது. பதறிப்போய்ப் பார்த்தால், சிரிக்கிறார்.

"நீ தட்டினவுடன எனக்கு வந்த கோபம் இருக்கே! இவளுக்குக் காட்டுறன் எண்டு பிடிச்சன். அந்தக் கோபம் இல்லாட்டி அவ்வளவு நேரம் நிண்டிருக்க மாட்டன். என்ர நல்ல காலத்திலயும் அவ்வளவு நேரம் நிண்டதில்லை."

நானும் சிரித்தேன். முன் ஆசனத்தில் இருந்தவர் திரும்பிப் பார்த்தார். சிரித்து முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு அவர் கேட்டார்:

"பிறகு சரியான இடத்தில ஏன் நீ தட்டேல்லை? நான் பாத்தனான். எல்லாரும் தட்டினவை, நீ தட்டேல்லை."

"மகள் அந்தப் பதிவைப் போடப் போனவள். ரெண்டு கையாலயும் அவளின்ர கையைப் பிடிச்சுக்கொண்டு இருந்தன்."

அவர் சிரிப்பை நிறுத்தினார்.

"அப்ப உனக்குக் கேட்டதோ? நான் இன்னும் பாடிக்கொண்டிருந்தது?"

"கேட்டது."

"அவ்வளவு கைதட்டலுக்குள்ளயும்?"

"ஓம்."

அக்கா தலையாட்டினார். பஸ் டொட்டன்ஹாம் தாண்டும்வரை என் மணிக்கட்டைப் பிடித்தபடியே இருந்தார். பிறகு, குளிருக்கு வாய் மூடிக் கட்டியிருந்த சால்வையை இறக்கிவிட்டு, இறங்கும் இடம் வரும்வரை பஸ்ஸுக்குள்ளேயே மெல்லப் பாடிக்கொண்டு வந்தார். நான் ஒருதரமும் அவர் தோளைப் பார்க்கவில்லை.